நடிக்கிறவனே கமராவும் பிடிச்சா சரிவருமா?

கரைவலை

வணக்கம். மட்டக்களப்பு கல்லடியில இருந்து எழுதுறன், வயசு 27. எட்டு வருசமா கமராதான் சோறு போடுது. கலியாண வீடு, சாமத்திய வீடு, கோயில் திருவிழா, ஒண்டும் விடுறல்ல. இடைக்கிட கூட்டாளிமார்ர குறும்படத்துல நடிக்கிறன். மூணு படம் முடிஞ்சிது, மூண்டையும் ஊருக்குள்ள நாலு பேர் நல்லம் எண்டவங்க.

இப்ப ஒரு முழுநீளப் படம் வந்திருக்கு. மழை முடிய, தை மாசக் கடைசியில தொடங்குறாங்க. 22 நாள். கதாநாயகன்ட தமையன் வேசம் எனக்கு, கனதியான வேசம். டைரக்டர் கேக்கிறார், "தம்பி, கமராவையும் நீயே பார், வெளியாள் போட்டா சிலவு தாங்காது" எண்டு.

ஆசையாத்தான் இரிக்கு. ஆனா போன குறும்படத்துல நடந்ததையும் சொல்லோணும். திருப்பெருந்துறைப் பக்கம் வாவிக்கரையில என்ட க்ளோசப். 85 லென்ஸ், அப்பச்சர் 1.8, பின்னால தண்ணி மினுங்க வேணும் எண்டு ஆசை. ஈர்க்கில ஒண்டை மண்ணில குத்தி, மாமிட மகனை அதில நிக்க வச்சி ஃபோகஸ் எடுத்திட்டு, அவனை விலத்தி நான் போய் நிண்டன். அழுற காட்சி. நல்லாத்தான் அழுதன். வீட்ட வந்து பெரிய திரையில பாத்தா காது கண்ணாடி மாதிரித் துல்லியம், காதில உள்ள மயிர் கூட எண்ணலாம். கண் ரெண்டும் பஞ்சு.

அம்மா சொல்றா ரெண்டு தோணியில கால் வைக்காத எண்டு. ரெண்டையும் ஒண்டாச் செஞ்சு வந்தவங்க ஆரும் இரிக்கிறாங்களா? சொல்லுங்க.

மாமாங்கத்தான்

தம்பி, ஆரும் இரிக்கிறாங்களா எண்டு கேக்கிறதுக்கு முதல் கல்லடிப் பாலத்தைக் கடந்து அமிர்தகழிக்கு வாங்க. பாலு மகேந்திரா 1939ல பிறந்த ஊர் அது. மாமாங்கேஸ்வரர் தீர்த்தக் கேணி இரிக்கிற அதே ஊர். ஆடி அமாவாசைக்கு அங்க வீடியோ எடுத்திருப்பீங்க, அந்த மண்ணில நிண்டுதான் எடுத்திருக்கிறீங்க.

அவரே சொன்ன கதை ஒண்டு. சின்ன வயசில பள்ளிக்கூடத்தால சுற்றுலா போனவராம், கித்துல்கலயில 'குவாய் நதிப் பாலம்' படப்பிடிப்பு. டைரக்டர் டேவிட் லீன் "மழை!" எண்டு கத்தினாராம், மழை பெஞ்சுதாம். அண்டைக்கே முடிவெடுத்திட்டாராம். பொறகு பூனா திரைப்பட நிறுவனம், 'கோகிலா'வுக்கு ஒண்டு, 'மூன்றாம் பிறை'க்கு ஒண்டு எண்டு ஒளிப்பதிவுக்கு ரெண்டு தேசிய விருது. ஆனா கமராக்கு முன்னுக்கு அவர் வந்தது எப்ப தெரியுமா? 2013ல, 'தலைமுறைகள்'. 74 வயசு. தாத்தா வேசம். எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு எல்லாம் அவர்தான். அடுத்த மாசி 13ல கண்ணை மூடிட்டார்.

அதால ஏலும் எண்டு நினைச்சிடாதீங்க. நாப்பது வருசம் பின்னால நிண்ட மனிசன் ஒரு தரம் முன்னால வந்தார். அதுவும் தன்ட படத்துல. டேக் சரியா பிழையா எண்டு அவரிட்டக் கேக்க ஆருமில்ல. உங்களுக்கு மேல ஒரு டைரக்டர் இரிக்கிறார், தயாரிப்பாளர் இரிக்கிறார், பொழுது பட்டா வாடகை ஏறுற ஜெனரேட்டர் இரிக்கு. அது வேற, இது வேற.

சூரிச்மழை

அண்ணே பழைய ஆக்களையே சொல்றீங்க. நட்டியைப் பாருங்க. நட்ராஜ் சுப்பிரமணியம். ஹிந்தியில 'பரிணீதா' (2005), 'ஜப் வி மெட்' (2007), 'லவ் ஆஜ் கல்' (2009) எல்லாம் அவர்ர ஒளிப்பதிவு. அனுராக் காஷ்யப்பின் 'பிளாக் ஃபிரைடே'யும் அவர்தான். அந்தாள்தான் 2006ல 'நாளை'யில நடிக்க வந்து, 2014ல 'சதுரங்க வேட்டை'யில ஊரையே ஏமாத்திற கதாநாயகனா நிண்டார். அதோட நடிகன் எண்டு ஆகிட்டார், கமராவைப் போட்டிட்டார் எண்டு நினைச்சா, 2015ல விஜய்யிட 'புலி'க்குத் திரும்ப ஒளிப்பதிவு. பொறகு 'கர்ணன்', 'மகாராஜா'. ரெண்டு காலும் ரெண்டு தோணியிலதான், ஆள் விழயில்லையே.

தம்பி, துணிஞ்சு செய்யுங்க. நாங்க வெளிநாட்டில இருந்து படத்தைப் பாக்கக் காத்திருக்கிறம்.

மாமாங்கத்தான்

சூரிச்சில இருந்து துணியச் சொல்றது லேசு. நீங்க சொன்னதையே நல்லாப் பாருங்க. 'கர்ணன்'ல நட்டி பொலிஸ் அதிகாரி. கமரா தேனி ஈஸ்வர். 'மகாராஜா'வில நட்டி இன்ஸ்பெக்டர், கமரா தினேஷ் புருஷோத்தமன். அவர் நடிக்கிற நாளில வேறொருத்தன் கமராவைத் தூக்கிறான். தோணி ரெண்டுதான், ஆனா ஒரு நேரத்தில ஒரு தோணியிலதான் ஏறுறார். இந்தத் தம்பிட்டக் கேக்கிறது ஒரே நேரத்தில ரெண்டையும் துடுப்பு வலிக்கச் சொல்லி.

கல்முனைக் காக்கா

நடிகர் இளவரசை மறந்திட்டீங்களே எல்லாரும். பாரதிராஜாட படங்களுக்கு ஒளிப்பதிவு செய்த பி. கண்ணனிட்ட உதவியாளரா இருந்தவர். 1996ல சீமான்ட 'பாஞ்சாலங்குறிச்சி' இவர்ர ஒளிப்பதிவு. ஆனா சனத்துக்கு 2006ல வந்த 'இம்சை அரசன் 23ம் புலிகேசி'யிட மங்குனி அமைச்சரைத்தான் தெரியும். எங்கட கடையில வேலை செய்ற பொடியனிட்ட "இவர் கமராமேன்" எண்டு சொன்னன், நம்பயில்ல, சத்தியம் பண்ணச் சொல்றான். தங்கர் பச்சானும் அப்பிடித்தான், 'காதல் கோட்டை'க்குக் கமரா பிடிச்ச மனிசன் 2005ல 'சிதம்பரத்தில் ஒரு அப்பாசாமி'யில தானே நாயகன். மலையாளத்தில சந்தோஷ் சிவன், 'மகரமஞ்ஞு' படத்துல ராஜா ரவிவர்மாவா நடிச்சிருக்கார். வெளிச்சத்தால படம் வரையிறவன் சாயத்தால வரைஞ்சவன்ட வேசம் போட்டது எனக்கு நல்லாப் பிடிச்ச விசயம்.

சரி, பேர் சொல்லி என்ன. தம்பிட காதுப் பிரச்சினைக்கு வாறன், அது எனக்குத் தெரிஞ்ச சங்கதி.

85 லென்ஸ், 1.8, அஞ்சடித் தூரம் எண்டா துல்லியமா வாற ஆழம் ஒண்டரை அங்குலம் கூட இல்ல. கண்ணுக்கும் காதுக்கும் நாலு அங்குலம். மாமிட மகன் நிண்ட இடத்தில நீங்க நிண்டாலும், அழேக்க மனிசன் முன்னுக்குச் சாய்வான். அதோட கண் போச்சு. தனியா எடுக்கிறதெண்டா 35க்கு மாறுங்க, அப்பச்சரை 5.6ல வைங்க. அதே தூரத்தில ரெண்டடி ஆழம் கிடைக்கும், நீங்க சாஞ்சாலும் அழுதாலும் பரவாயில்ல. பின்னால மினுக்கம் குறையும், குறையட்டும். நடுப்பகலில எடுத்தா வெளிச்சத்தைக் குறைக்கிற என்டி ஃபில்டர் ஒண்டு கட்டாயம்.

இன்னொண்டு, வீட்டுக்குள்ள டியூப் லைட்டுக்குக் கீழ எடுக்கேக்க 25 ஃபிரேம், சட்டர் 1/50. எங்கட கரண்ட் 50 ஹேர்ட்ஸ். போன் அப்ளிகேசன்கள் 30ல வச்சுத் தரும், அப்பிடியே எடுத்தா சுவர் துடிக்கும். நடிக்கிற அவசரத்தில இதெல்லாம் மறக்கும், அதுதான் சொல்றன். மறந்து ஒரு நாள் முழுக்கக் குப்பையாக்கினவன் நான். அது கலியாண வீடு, ரீடேக் கிடையாது. மாப்பிள்ளை இன்னும் என்னோட கதைக்கிறல்ல.

தாழம்பூ

காக்கா சொன்ன லென்ஸ் கதை சரி. ஆனா காதைவிடப் பெரிய பிரச்சினை கண்ணிலதான்.

நானும் இந்த வேலைதான். சாமத்திய வீட்டுக்குப் பொம்பிளைப் புள்ளதான் கமரா எடுக்கோணும் எண்டு நிறையத் தாய்மார் கேக்கிறதால எனக்கு வேலைக்குக் குறைவில்ல. அரங்கியலும் படிச்சன், விபுலாநந்தா நிறுவகத்தில. அங்க மேடையில நல்லா நடிச்சனான். கமராக்கு முன்னால முதல் தரம் நிண்டபோது என்ன நடந்தது தெரியுமா? வசனம் சொல்லிக்கொண்டே "கன்னத்துல நிழல் விழுது, கொஞ்சம் இடப்பக்கம் திரும்பினா நல்லம்" எண்டு மூளை கணக்குப் போடுது. திரும்பினன். அழகாத்தான் இருந்திருக்கும். டைரக்டர் வந்து, "அக்கா, அந்த இடத்தில உங்கட புருசன் செத்த செய்தி வருது, நீங்க ஏன் வடிவா நிக்கிறீங்க?" எண்டார்.

கமரா தெரிஞ்சவன் நடிச்சா வாற நோய் இது. வெளிச்சத்தைத் தேடிப் போய் நிப்பான். சட்டகத்துக்குள்ள கை எங்க வெட்டுப்படும் எண்டு தெரியும், அதால கையை வெட்டுப்படாத இடத்திலயே வச்சிருப்பான். எல்லாம் சரியா இருக்கும், உயிர் இருக்காது. உதவியும் இருக்கு, இல்லையெண்டு சொல்லயில்ல. தேத்தண்ணிக் கோப்பையை எந்த வசனத்தில தூக்கினன் எண்டு மறக்கமாட்டன், எடிட்டர் என்னைக் கும்பிடுவார். லென்ஸ் என்ன எண்டு கேட்டா முகத்தை எவ்வளவு அசைக்கலாம் எண்டு விளங்கும். ஆனா அந்த அறிவை டேக் தொடங்க முதல் எங்கயாவது கழட்டி வைக்கோணும். கமராவும் உங்கட பொறுப்பு எண்டா எங்க கழட்டி வைப்பீங்க?

அது கிடக்கட்டும். கரைவலை, சம்பளம் எவ்வளவு எண்டு நீங்க எழுதயில்ல. ரெண்டு வேலைக்கு ரெண்டு சம்பளமா?

மத்தளச்சத்தம்

தாழம்பூ சொன்னதோட இன்னொண்டும் சேக்கோணும். எங்கட பக்கத்துப் பொடியன்கள் நடிப்பு பழகினது கூத்தில. வட்டக்களரி, சுத்தவரச் சனம், நாலு பக்கமும் கிறுகி ஆடோணும், வாயிலுக்கு வெளிய இரிக்கிற கிழவிக்கும் பாட்டுக் கேக்கோணும். அந்தக் குரலையும் அந்தக் கண்ணையும் கொண்டுபோய் 85 லென்ஸுக்கு முன்னால வச்சா இராவணன் சாமான் வாங்கக் கடைக்குப் போன மாதிரி இரிக்கும். நானும் வடமோடிக் கூத்தில தருமனுக்கு ஆடினவன்தான், குறும்படத்தில ஒரு தரம் நடிச்சன், மகன் பாத்திட்டு "அப்பா ஏன் கத்துறீங்க" எண்டான்.

நடத்திறவனே களரிக்குள்ள நிக்கிறது எங்களுக்குப் புதுசில்ல. கூத்துப் பழக்கிற அண்ணாவியாரைப் பாருங்க. மத்தளத்தோட நடுவில நிப்பார், தாளக்கட்டுச் சொல்லுவார், பாட்டு மறந்தவனுக்கு அடி எடுத்துக் குடுப்பார், ஆட்டம் பிழைச்சா மத்தளத்தாலயே அதட்டுவார். சனத்துக்கு முன்னாலதான் எல்லாம். ஆனா எங்கட ஊரில அண்ணாவியார் அண்டைக்கு உடுப்புக் கட்டமாட்டார். கிரீடம் வச்சா மத்தளம் இல்ல, மத்தளம் எடுத்தா கிரீடம் இல்ல. கேட்டனான் ஒரு நாள், "ஏன் நீங்க ஆடல்ல" எண்டு. "ஆடினா ஆர்ரா எனக்கு அடிக்கிறது?" எண்டார்.

கரைவலை

எல்லாருக்கும் நன்றி. மத்தளச்சத்தம் அண்ணன்ட கடைசி வரியை அம்மாக்கு வாசிச்சுக் காட்டினன், அவ சிரிச்சிட்டா.

தாழம்பூ அக்கா, ஒழிக்க ஒண்டுமில்ல. ஒரு சம்பளம்தான். நடிப்புக்கு எண்டு ஒரு தொகை, கமராக்குத் தனியா ஒண்டுமில்ல, "உனக்கு இது பேர் எடுக்கிற சந்தர்ப்பம்" எண்டார். கமராவும் என்ட. லென்ஸ் மூண்டும் என்ட. கமரா ஆடாமப் பிடிக்கிற கிம்பலும் என்ட. எழுதேக்கதான் விளங்குது.

சூரிச்மழை

இப்பிடி எண்டு முதலே சொல்லியிருக்கலாமே. நான் சொன்ன துணிவை வாபஸ் எடுக்கிறன்.

கல்முனைக் காக்கா

அட மனே. கமரா வாடகை, லென்ஸ் வாடகை, கமராமேன் கூலி, நடிகன் கூலி. நாலு பேருக்குப் போற காசை ஒருத்தன்ட தலையில மிச்சம் பிடிக்கிறார். கெட்ட மனிசன் எண்டு சொல்லமாட்டன், எங்கட ஆக்கள் கையில காசில்லாமத்தான் படம் எடுக்கிறாங்க. ஆனாலும் கேக்கோணும்.

கோபப்படாம ஒரு வேலை செய்ங்க. திரைக்கதையை எடுத்து ரெண்டு நிறப் பேனையால குறிங்க. உங்கட வேசம் வாற காட்சி ஒரு நிறம், வராத காட்சி இன்னொரு நிறம். எண்ணிப் பாருங்க. வராத காட்சிகளுக்கு நீங்களே கமரா பிடிக்கலாம், அதில ஒரு கரைச்சலும் இல்ல. வாற காட்சிகளுக்கு வேற ஆள். அந்தக் காட்சிகளைச் சேத்து அடுத்தடுத்த நாளில போடச் சொல்லுங்க, அப்ப அந்த ஆளுக்கு 22 நாள் கூலி குடுக்கத் தேவையில்ல. டைரக்டருக்கும் கணக்கு விளங்கும். சூரியன் எங்களுக்குக் கடலில உதிச்சு வாவியில விழுது, காலமைக் காட்சியைக் கல்லடிக் கரையிலயும் பின்னேரத்தை வாவிப் பக்கமும் போட்டா இடம் மாறுற நேரமும் மிச்சம். ஆனா பொழுது பட்டுப் போனா இருவது நிமிசத்தில இருட்டு. அதுக்குள்ள ஓடிப்போய் நடிச்சிட்டு ஓடிவந்து கமரா பாக்கிறதெல்லாம் கதை.

வாய்ப் பேச்சில ஒண்டும் வைக்காதீங்க. ஒரு தாளில எழுதி ரெண்டு பேரும் கையெழுத்து. டைட்டிலில பேர் எப்பிடி வரும் எண்டதையும் எழுதுங்க.

தாழம்பூ

அதோட ட்ரோன் கொண்டுவரச் சொன்னா அது வேற கணக்கு எண்டு சொல்லுங்க. சிவில் விமான சேவைகள் அதிகாரசபையில பதிவில்லாம பறக்கவிட்டு மாட்டினா டைரக்டர் வரமாட்டார், ட்ரோன் வச்சிருக்கிற நீங்கதான் போகோணும்.

மாமாங்கத்தான்

காக்காட பேனைக் கணக்கு நல்ல கணக்கு. நான் விஎச்எஸ் காலத்து ஆள், தோளில வைக்கிற கமரா, பாரம் தோளில காய்ச்சுப்போய்க் கிடக்கு இண்டைக்கும். அந்தக் காலத்தில ஒரு நாடகத்துக்கு நானே எடுத்து நானே தபால்காரனா வந்தன். கமராவை வாங்கில வச்சிட்டு நடந்து வந்து கடிதம் குடுத்தன். கச்சான் காத்து அடிக்கிற மாசம். நான் திரும்பிப் பாக்கிறதுக்குள்ள கமரா வாங்கோட கிணத்தடிச் சேத்தில கிடக்கு. டேப்பை எடுத்துப் பாத்தம், தபால்காரன் நல்லா வாறான், கடிதம் குடுக்கிறான், பொறகு வானம், தென்னை, சேறு. அதை வெட்டாமப் போட்டம், சனம் கைதட்டினது.

கரைவலை

மூண்டு நாள் கழிச்சு வாறன், மன்னிக்கோணும்.

பேனைக் கணக்குப் போட்டன். மொத்தம் 58 காட்சி, எனக்கு 23. அந்த 23ல 14 ஒரே வீட்டில, வந்தாறுமூலைப் பக்கம். சேத்துப் போட்டா எட்டு நாளில முடிக்கலாம். தாளைக் கொண்டுபோய் டைரக்டருக்குக் காட்டினன். முதல் முகம் சுழிச்சார், "உனக்கு ஆர் இதெல்லாம் சொல்லித் தாறது" எண்டார். பொறகு தானே இருந்து எண்ணிப் பாத்தார். எட்டு நாளுக்கு வெளியாள் சரி எண்டு ஒத்துக்கொண்டிட்டார். கமரா வாடகை பாதிதான் தாறாராம். கமராக் கூலி எண்டு ஒரு சின்னத் தொகை, உண்மையில ஒரு கலியாண வீட்டுக் காசு கூட இல்ல. இன்னும் கையெழுத்து வைக்கல்ல, நாளைக்குக் கதைக்கிறம்.

எட்டு நாளுக்கு ஆள் தேடினன். தாழம்பூ அக்கா, நீங்கதான்.

தாழம்பூ

கேக்காமலே பேரைப் போட்டாச்சு. எட்டு நாளில ரெண்டு நாள் எனக்குச் சாமத்திய வீடு இருக்கு, அதைச் சொல்லி வைக்கிறன். மிச்சத்துக்கு வாறன். எனக்குரிய கூலியை டைரக்டரிட்ட நானே கதைக்கிறன், நீங்க நடுவில வராதீங்க.

முதல் ஒரு டெஸ்ட் எடுப்பம். உங்கட கண்ணை நான் பாக்கோணும்.

மட்டுறுத்துனர்

சம்பளத் தொகை, படத்தின்ட பேர் ஒண்டும் இஞ்ச போடாதீங்க. இழை திறந்தே இருக்கும்.

கரைவலை

இண்டைக்கு வெள்ளாப்பு அஞ்சரைக்குக் கல்லடிக் கடற்கரையில டெஸ்ட். மீன்காரர் வலை இழுக்கிற நேரம். அதே அழுகைக் காட்சி, அக்கா கமராவில.

முதல் டேக். நான் அழுறன், ஆனா கண் ஒவ்வொரு அஞ்சு செக்கனுக்கும் கமராட பக்கத் திரைக்குப் போகுது. எனக்கே தெரியாது. அக்கா ஒண்டும் சொல்லல்ல, திரையை மடக்கி, சேப்பில இருந்து கறுப்பு டேப் எடுத்து ரெக்கார்ட் லைட்டுக்கு மேலயும் ஒட்டினா. "இப்ப ஓடுதா நிக்குதா எண்டு உனக்குத் தெரியாது, போ" எண்டா. நான் போய் நிண்டன். எனக்குப் பக்கத்தில வலை இழுத்த கிழவர் ஒராள் "என்ன மனே, வீட்டில ஏதும் துக்கமா?" எண்டு கேட்டார். நான் பதில் சொல்லல்ல, சொல்ல ஏலாமப் போச்சு. அது ஓடிக்கொண்டு இருந்திருக்கு.

மாமாங்கத்தான்

அது கிடக்கட்டும். காதா, கண்ணா?

கரைவலை

கண் அண்ணே. மூண்டாவது டேக்கில மட்டும் காது. அது அக்காட பிழை எண்டு எழுதச் சொல்லி அவவே சொன்னவ.